அக்கா வீட்டுப் பேச்சு

என் அக்காவைப் பற்றி எழுத எனக்கு யோக்கியதை கிடையாது. தெரிந்தேதான் எழுதுகிறேன். அவள் பேச்சு ஊருக்கே மனப்பாடம், ஆனால் பேசியவள் யாரென்று ஒருவருக்கும் தெரியாது. அப்படித் தெரியாமல் போனதில் எனக்குப் பங்கு உண்டு, என் அத்தானுக்குப் பெரும்பங்கு உண்டு.

அக்கா ரத்தப் பரிசோதனை நிலையத்தில் ரத்தம் எடுப்பவள். மூக்குக்கண்ணாடிக் கடைக்கு மேலே, இரண்டாவது மாடி. ஒரு சாய்வு நாற்காலி, கை வைக்க ஒரு பலகை, சிவப்பு, ஊதா, நீல மூடி போட்ட குழாய்கள் அடுக்கிய தட்டு, கையில் கட்ட ஒரு ரப்பர் பட்டை, இவ்வளவுதான் அவள் ராஜ்ஜியம். இருபத்தாறு வருடமாக மதியம் ஒரு மணிக்கு ஏறி இரவு எட்டு மணிக்கு இறங்குகிறாள். நரம்பே தெரியாத கையிலும் விரலால் தடவிக் கண்டுபிடித்துவிடுவாள். மற்றவர்கள் மூன்று இடத்தில் குத்திப் பார்த்துவிட்டு, அசடு வழிய அவளைக் கூப்பிடுவார்கள்.

ஊசிக்கு முன்னால் அவள் வாய் வேலை செய்யும். "உங்களுக்கு இப்ப ஒரு யானை கிடைக்குதுன்னு வெச்சுக்கோங்க, எங்கே கட்டுவீங்க?" என்று கேட்பாள். வந்தவர் யானையை மொட்டை மாடியில் கட்டுவதா, வாசலில் கட்டுவதா என்று யோசித்து முடிப்பதற்குள் பஞ்சை வைத்து அமுக்கச் சொல்லிவிடுவாள். எதைச் சொன்னாலும் 'ன்னு வெச்சுக்கோ' இல்லாமல் அவளுக்குச் சொல்ல வராது. சின்ன வயதிலேயே அப்படித்தான். "நீ இப்ப கீழே விழறேன்னு வெச்சுக்கோ, யார் அடி வாங்கறது?" என்று என்னைத் தூக்கிக்கொண்டு படி இறங்கியவள். அவளுக்கு அப்போது ஒன்பது வயது, எனக்கு மூன்று.

அத்தான் வசனம் எழுதுபவர். வெளிநாட்டிலிருந்து வரும் தொடர்களுக்குத் தமிழ்ப் பேச்சு எழுதித் தருவார். நான் குரல் கொடுப்பவள். என்னை அந்த வேலைக்குக் கூட்டிக்கொண்டு போனவரும் அவர்தான். வேலை சுலபமென்று பலர் நினைக்கிறார்கள். படத்தில் வாய் ஏற்கெனவே அசைந்து முடிந்துவிட்டது. அந்த அசைவுக்குள் நம் பேச்சை உட்கார வைக்க வேண்டும். பேச்சு முன்னால் முடிந்து வாய் பின்னால் அசைந்துகொண்டிருந்தால் அது மீன்தொட்டிதான். மனிதர்கள் நடித்த படமென்றால் உதடு மூடும் இடத்தில் 'ப'வோ 'ம'வோ வேண்டும் என்று உயிரை வாங்குவார்கள். கார்ட்டூனில் அந்தத் தொல்லை இல்லை. வாய் திறக்கும், மூடும், அவ்வளவுதான். நீளம் மட்டும் பொருந்தினால் போதும்.

நான் சொல்வது 'லிஃப்ட்காரர் வீடு' என்று எல்லோரும் கூப்பிடும் அந்தக் கார்ட்டூன் குடும்பத்தைப் பற்றி. அப்பா லிஃப்ட் பழுது பார்ப்பவர், ஆனால் லிஃப்டில் ஏறப் பயந்து பன்னிரண்டு மாடியும் படியேறிப் போவார். அம்மா, ஒன்பது வயதுப் பையன், ஆறு வயதுப் பெண், குளியல் தொட்டியை விட்டு இறங்காத ஓர் ஆமை. இருபத்திரண்டு வருடமாக அந்தப் பையனுக்கு ஒன்பது வயது. அவனோடு சேர்ந்து ஒன்பது வயதில் பார்க்க ஆரம்பித்தவர்கள் இப்போது தங்கள் பிள்ளைகளைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு பார்க்கிறார்கள். சாயங்காலம் ஆறரை மணிக்கு எந்தத் தெருவில் நடந்தாலும் நான்கு ஜன்னல்களில் அந்த அம்மாவுக்கு நான் கொடுத்த குரல் கேட்கும்.

அந்தத் தொடர் ஏன் இன்னும் நிற்கிறது என்று கட்டுரை எழுதுகிறார்கள், மேடை போட்டுப் பேசுகிறார்கள். வயது ஏறாத பிள்ளைகள், ஒவ்வொரு நாளும் உடைந்து மறுநாள் ஒட்டிக்கொள்ளும் வீடு, அது இது என்று ஆளுக்கொரு காரணம். பார்க்கிறவர்கள் சொல்வது ஒன்றுதான்: "எங்க வீட்டுல பேசற மாதிரியே இருக்கு." அது வீட்டில் பேசிய பேச்சுதான். எந்த வீடு என்பதை மட்டும் யாரும் கேட்கவில்லை.

முதல் மூன்று மாதம் தொடர் படுத்தேவிட்டது. வசனமெல்லாம் பாடப்புத்தகத்தை வாய்விட்டுப் படிப்பது மாதிரி இருந்தது. நிறுத்திவிடலாம் என்று பேச்சு அடிபட்டபோது, ஒரு காட்சியில் கார்ட்டூன் அம்மாவின் வாய் எழுதிய வசனத்தைத் தாண்டி அசைந்துகொண்டே இருந்தது. அத்தான் ஒலிப்பதிவு அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து, "உங்க அக்கா மாதிரி இழு," என்றார். நான் இழுத்தேன். "நான் செத்துட்டேன்னு வெச்சுக்கோங்க, உங்க சாக்ஸை யார் தேடித் தருவா?" ஒலிப்பதிவாளர் நாற்காலியோடு பின்னால் சாய்ந்து சிரித்தார். அன்றிலிருந்து நான் அந்த அம்மாவுக்கு அக்காவின் குரலில்தான் பேசினேன். அத்தானும் அக்காவின் பேச்சைத்தான் எழுதினார். இரண்டு மாதத்தில் பள்ளிக்கூட வாசலில் பிள்ளைகள் 'வெச்சுக்கோ' போட்டுப் பேச ஆரம்பித்தார்கள்.

"அக்காவுக்குத் தெரியுமா அத்தான்?" என்று ஒரே ஒரு தடவை கேட்டேன்.

"சொன்னேனே, விழுந்து விழுந்து சிரிச்சா," என்றார்.

நம்பினேன். தினமும் அக்காவோடு போனில் பேசுகிறவள் நான். ஒரு வார்த்தை அவளிடமே கேட்டிருக்கலாம். கேட்டால் வேண்டாமென்று சொல்லிவிடுவாளோ என்று உள்ளுக்குள் ஒரு பயம் இருந்தது, அதனால் கேட்கவில்லை. இதைச் சுற்றி வளைத்துச் சொல்ல எனக்கு விருப்பமில்லை.

அக்கா அந்தத் தொடரைப் பார்த்ததே கிடையாது. ஆறரை மணிக்கு அவள் யார் கையிலாவது ரப்பர் பட்டையைக் கட்டிக்கொண்டிருப்பாள். விடுமுறையில் யாராவது வீட்டில் போட்டால் அத்தான் அணைத்துவிடுவார். "இங்கேயும் வேலையா?" என்பார். ரத்தம் கொடுக்க வருகிறவர்கள், "மேடம், நீங்க அந்த லிஃப்ட்காரர் வீட்டு அம்மா மாதிரியே பேசறீங்க," என்பார்களாம். அக்காவுக்குப் பெருமை தாங்காது. "என் தங்கச்சிதான் அந்தக் குரல். ஒரே தொண்டை எங்களுக்கு," என்று சொல்லிக்கொண்டிருந்திருக்கிறாள். இருபது வருடம் அப்படிச் சொல்லியிருக்கிறாள் பாவி.

விஷயம் வெளியே வந்தது ஒரு செவ்வாய்க்கிழமை. எட்டு வயதுப் பெண் ஒருத்தி ஊசியைப் பார்த்து ஓவென்று அழுதிருக்கிறாள். யானைக்கெல்லாம் மசியவில்லை. கூட வந்த அவள் அப்பா குனிந்து, குரலை மூக்கால் பேசுகிற மாதிரி வைத்துக்கொண்டு, "அழுது முடிங்க. அதுவரைக்கும் நான் அடுப்ப அணைச்சு வெக்கறேன்," என்றிருக்கிறார். அந்தப் பெண் அழுகையோடு சிரித்துவிட்டாள். வரிசையில் இருந்தவர்களும் சிரித்தார்கள். இந்த வசனம் இல்லாத இடமில்லை. காபிக் கோப்பையில், கார் கண்ணாடியில், பனியனில் எல்லாம் இருக்கிறது.

அக்கா ஊசியைத் தட்டில் வைத்துவிட்டு, "இது எங்கேருந்து சார்?" என்று கேட்டிருக்கிறாள்.

"என்ன மேடம், தெரியாத மாதிரி கேக்கறீங்க? உங்க தங்கச்சி சொன்னதுதானே?"

அவள் வேறொருவரை ரத்தம் எடுக்கச் சொல்லிவிட்டு வெளியே வந்து, மாடிப்படியில் உட்கார்ந்து எனக்கு போன் செய்தாள். நான் ஸ்டுடியோவில் டிபன் பாக்ஸைத் திறந்துகொண்டிருந்தேன்.

"அடுப்பு வசனத்தைச் சொல்லு," என்றாள்.

"எந்த அடுப்புக்கா?"

"உன் கார்ட்டூன்ல வர்றதுதான். எப்படிச் சொல்லுவியோ அப்படியே சொல்லு."

சொன்னேன். 'முடிங்க'வுக்குப் பிறகு ஒரு சின்ன நிறுத்தம், 'அடுப்ப'வில் ஒரு தூக்கல். பதினான்கு முறை சொல்லிச் சொல்லிச் சரியாக்கிய வசனம் அது. கார்ட்டூன் அப்பாவின் கால்பந்து வண்டிச் சக்கரத்தில் மாட்டி வெடித்துவிடும், அவர் தரையில் புரண்டு அழுவார், அம்மா வந்து இதைச் சொல்வாள். சொல்லிவிட்டு அக்காவின் சிரிப்புக்காகக் காத்திருந்தேன்.

"இதுல எங்கேடி சிரிக்கணும்?" என்று கேட்டாள்.

எனக்கு ஒன்றும் புரியவில்லை. அவள்தான் சொன்னாள். இப்போது விடுதியில் தங்கிப் படிக்கும் மகளுக்கு முன்னால் அவளுக்கு ஒரு குழந்தை வயிற்றிலேயே ஆறாம் மாதம் கலைந்துபோனது. ஆஸ்பத்திரியிலிருந்து வந்த மூன்றாம் நாள் மதியம் அவள் எழுந்து சமைத்துக்கொண்டிருந்தாள். அதுவரை கல் மாதிரி இருந்த அத்தான் சமையலறைக்கு வந்து, சுவரோரம் தரையில் உட்கார்ந்து அழ ஆரம்பித்தார். தண்ணீர் கொதித்துக்கொண்டிருந்தது. அவள் அவரைப் பார்த்துச் சொன்னதுதான் அது. சொல்லி, அடுப்பை அணைத்துவிட்டு, அவர் பக்கத்தில் தரையில் உட்கார்ந்துகொண்டாள். சாயங்காலம்வரை இருவரும் எழுந்திருக்கவில்லை. அந்த வார்த்தை அவர்கள் இருவருக்கும் தவிர உலகத்தில் யாருக்கும் தெரியாது என்று இத்தனை வருடம் நினைத்துக்கொண்டிருந்தாள்.

"எனக்குத் தெரியாதுக்கா," என்றேன்.

"தெரியாதுதான். நீ ஏன்டி என்னைக் கேக்கல?"

டிபன் பாக்ஸை மூடிவிட்டேன்.

அன்று இரவே நான் அவள் வீட்டுக்குப் போனேன். சண்டை என் முன்னால்தான் நடந்தது. அத்தான் கெட்டவர் இல்லை, அதுதான் கஷ்டம். அவருக்கு உண்மையாகவே புரியவில்லை. "ஊரே உன் பேச்சைத் தலையில வெச்சுக் கொண்டாடுது. நீ பெருமைப்படணும். நானா சொந்தமா எழுதியிருந்தா மூணே மாசத்துல கடையைச் சாத்தியிருப்பாங்க," என்றார். அதைப் பாராட்டாகச் சொன்னார் என்பதுதான் கொடுமை.

"நம்ம கொழந்தைக்கு அழுததை ஒரு பந்துக்கா போட்டீங்க?"

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "அந்த எடத்துல வேற எதுவும் நிக்கல. பதினஞ்சு விதமா எழுதிப் பார்த்தேன். இது மட்டும்தான் வாயசைவுக்கு அப்படியே உக்காந்துது," என்றார்.

தொழிலில் அது எவ்வளவு நியாயமான பதில் என்று எனக்குத் தெரியும். அக்காவின் முகத்தைப் பார்த்தபோது அந்த நியாயத்தைத் தூக்கி அவர் மேலேயே எறியலாம் போலிருந்தது. எறிய எனக்கென்ன தகுதி, பேசிய வாய் என்னுடையது.

அக்கா நான்கு நாள் விடுப்புப் போட்டுவிட்டு என் வீட்டுக்கு வந்தாள். பழைய பகுதிகளையெல்லாம் போடச் சொன்னாள். என் சோபாவில் காலை மடக்கி உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பார்த்தாள். "இது நாங்க போட்ட முதல் சண்டை." "இது மாமியார் பத்தி நான் அவர்கிட்ட ரகசியமா சொன்னது." "இது எனக்குக் காய்ச்சல் வந்தப்போ உளறினது, உளறலைக்கூட விடல பாரு." சிரிக்கவும் செய்தாள், அதையும் சொல்ல வேண்டும். நடுவில் மகளுக்கு போன் போட்டுக் கேட்டாள். அவள், "நீதான் அந்தக் கார்ட்டூனைப் பார்த்துப் பேசக் கத்துக்கிட்டேன்னு சின்ன வயசுலேருந்து நெனச்சுட்டிருக்கேன்மா," என்றாள். அக்கா போனை வைத்துவிட்டு அடுத்த பகுதியைப் போடச் சொன்னாள்.

மூன்றாம் நாள் காலை இருவரும் துணி மடித்துக்கொண்டிருந்தோம். போர்வையின் ஒரு முனை அவள் கையில், மறுமுனை என் கையில். போர்வையைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

"எனக்கு ஒரு சந்தோஷம் இருந்துதுடி. எல்லா வீட்டுலயும் பொம்பளை பேசினா ஆம்பளை பேப்பரைப் பார்ப்பான். எங்க வீட்டுல ஒரு மனுஷன் என் வாயையே பார்த்துக்கிட்டு ஒக்காந்திருப்பார். நம்ம பேச்சைக் காது குடுத்துக் கேக்கறாரேன்னு இருந்தேன். குறிச்சுக்கிட்டு இருந்திருக்கார்."

எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அவள் போர்வையை என் பக்கம் கொண்டுவந்து முனையோடு முனை சேர்த்தாள்.

"இதையும் போய்ச் சொல்லித் தொலைக்காதே," என்றாள்.

"சத்தியமா மாட்டேன்க்கா."

"உன்கிட்டயும் பேசலைன்னு வெச்சுக்கோ, நான் அப்புறம் யார்கிட்டதான் பேசறது?"

ஐந்தாம் நாள் வீட்டுக்குத் திரும்பினாள். அவர் வீடு மட்டுமா அது, அவள் வீடும்தான். நான் சமாதானம் ஆகிவிட்டாள் என்று நினைத்தேன். இரண்டு நாள் கழித்து அத்தான் போன் செய்தார். குரலே சரியில்லை.

"உங்க அக்காவுக்கு என்னமோ ஆயிடுச்சும்மா. ரேடியோவுல செய்தி வாசிக்கிற மாதிரி பேசறா."

அக்கா தீர்மானம் செய்திருந்தாள். அவர் எழுதி எடுத்துப் போக முடியாதபடி பேசுவது என்று. கோபித்துக்கொண்டு வாயை மூடிவிடவில்லை, அதெல்லாம் அவள் சுபாவமே இல்லை. எழுத்துத் தமிழில் பேசினாள். "உணவு மேசையில் வைக்கப்பட்டுள்ளது. தாங்கள் சாப்பிடலாம்." "மழை பெய்வதற்கான அறிகுறிகள் தென்படுகின்றன. துணிகளை எடுத்து வைக்கவும்." குளியலறை விளக்கு எரியவில்லை என்று அத்தான் சொன்னதற்கு, "தங்கள் புகார் கவனத்தில் கொள்ளப்பட்டது," என்றாளாம். நான் போனிலேயே சிரித்துவிட்டேன். அவர் சிரிக்கவில்லை. இருபது வருடத்துக்கு மேல் கூட இருந்தவருக்குத் தன் வீட்டில் அறிவிப்புப் பலகையோடு குடித்தனம் நடத்துகிற கதி.

ரத்தம் கொடுக்க வருகிறவர்களிடமும் என்னிடமும் அவள் பழையபடிதான் பேசினாள். தினமும் வேலைக்குக் கிளம்பும் முன் எனக்கு போன் வரும். அன்றைக்கு வீட்டில் என்னென்ன செய்தி வாசித்தாள் என்று ஒப்பிப்பாள். இருவரும் வயிறு வலிக்கச் சிரிப்போம். உலகத்தில் அவள் பேச்சு மிச்சமிருந்த ஒரே வீடு என்னுடையது என்று எனக்குத் தெரியும். அதை எப்படியாவது காப்பாற்றிவிட வேண்டும் என்று இருந்தேன்.

அத்தானின் வசனம் வற்றிப்போனது. பழைய முதல் மூன்று மாதம் மாதிரியே ஆகிவிட்டது. அந்தச் சமயம் பார்த்து வந்து சேர்ந்தது, கார்ட்டூன் அம்மா கோபித்துக்கொண்டு வீட்டை விட்டுப் போகிற பகுதி. எனக்கு அத்தானின் போன் வந்தது. அக்காவை எப்படித் திரும்பப் பேச வைப்பது என்று கேட்கப் போகிறாராக்கும் என்று எடுத்தேன்.

"அவ உன் வீட்டுல இருந்தப்போ என்னைப் பத்தி என்ன சொன்னா? அந்த வார்த்தை அப்படியே வேணும். எனக்கு அந்த எடத்துல ஒண்ணும் வரமாட்டேங்குது."

"வெட்கமா இல்ல அத்தான்?" என்று கேட்டு போனை வைத்தேன். அன்று முழுக்க என்னைப் பற்றி எனக்கே ஒரு பெருமிதம். அதையும் மறைக்கவில்லை.

பதிவு நாள் வந்தது. சின்ன அறை, சுவரெல்லாம் பஞ்சு ஒட்டியது, முன்னால் திரை, கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அத்தானும் ஒலிப்பதிவாளரும். திரையில் கார்ட்டூன் அம்மா பெட்டியோடு வாசலில் நிற்கிறாள். அத்தான் எழுதியிருந்தது: "நான் பேசறதை நீங்க என்னிக்காவது கேட்டிருக்கீங்களா?" பேசினேன். முடிந்தது. ஆனால் அவள் வாய் நிற்கவில்லை. திறந்தது, மூடியது, திறந்தது. யாரோ எங்கேயோ வரைந்த வாய், இன்னும் ஐந்து நொடிக்கு ஏதோ சொல்லிக்கொண்டே இருக்கிறது.

வாய் அசைந்தால் நிரப்ப வேண்டும். இருபத்திரண்டு வருடம் அதைத் தவிர நான் வேறெதையும் கற்கவில்லை. கை சுட்டால் உதறுவதற்கு யோசிப்பதில்லை, அப்படித்தான் அது. அக்காவின் குரலில் வந்து விழுந்தது: "காது குடுத்துக் கேக்கறாரேன்னு இருந்தேன். குறிச்சுக்கிட்டு இருந்திருக்கார்." கடைசி எழுத்தோடு வாய் மூடியது. அவ்வளவு கச்சிதமாக என் வாழ்நாளில் ஒரு வசனம் உட்கார்ந்ததில்லை.

கண்ணாடிக்குப் பின்னால் அத்தான் எழுந்து நின்றார். அவருக்கு அது யார் பேச்சு என்று புரிந்துவிட்டது, யாரைப் பற்றியது என்றும் புரிந்துவிட்டது. முகம் வெளுத்துப்போயிற்று. பிறகு உட்கார்ந்து பேனாவை எடுத்து அதைக் காகிதத்தில் எழுதிக்கொண்டார்.

"இதை அழிச்சுட்டு வேற ஒண்ணு பேசிடலாமா?" என்று மைக்கில் கேட்டேன்.

"இதைவிட நல்லா வராதுக்கா. அழுகையே வந்துடுச்சு," என்றார் ஒலிப்பதிவாளர்.

நான் பிடிவாதம் பிடித்திருக்கலாம். அழித்தே தீர வேண்டும் என்று கத்தியிருக்கலாம். ஆனால் அந்த ஒரு நிமிடம் எனக்கு உள்ளுக்குள் ஜிவ்வென்று இருந்தது. நன்றாக வந்துவிட்டது என்ற சந்தோஷம். பேசாமல் அடுத்த பக்கத்தைத் திருப்பினேன். அத்தானைப் பார்த்து வெட்கமில்லையா என்று கேட்டவள் நான்தான்.

அந்தப் பகுதி வெளியான மறுநாள் ஸ்டுடியோவில் வாழ்த்துச் சொல்லாதவர் இல்லை. ஊரே அழுததாம், அந்த வசனத்தைச் சொல்லாத வாய் இல்லையாம். காலையில் அக்காவின் போன் வரவில்லை. வேலைக்குச் சீக்கிரம் போயிருப்பாள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அதற்கடுத்த நாளும் வரவில்லை. நான் செய்தால் எடுக்கவில்லை. மூன்றாம் நாள் அவள் வேலைக்குக் கிளம்பும் முன்பே போய்ப் பிடித்துவிட வேண்டும் என்று பஸ் பிடித்து ஓடினேன். வழியெல்லாம் திட்டு வாங்கத் தயாராகிக்கொண்டே போனேன். வாசலிலேயே நிற்க வைத்து ஏசட்டும், கன்னத்தில் ஒன்று வைத்தாலும் வாங்கிக்கொள்ளலாம்.

மணி அடித்தேன். அக்கா கதவைத் திறந்தாள். முகத்தில் கோபமே இல்லை. தலை வாரி, வேலைக்குப் போகும் உடுப்போடு நின்றாள்.

"வாருங்கள். அமருங்கள்," என்றாள்.

நான் செருப்போடு அப்படியே நின்றேன். "அக்கா, என்னக்கா இது? நான்தான்க்கா."

"தெரிகிறது. அவர் குளித்துக்கொண்டிருக்கிறார், சற்று நேரத்தில் வந்துவிடுவார்."

"என்னைத் திட்டுக்கா. வாய் அசைஞ்சுதுக்கா, நான் யோசிக்கவே இல்ல. 'ஏன்டி'ன்னு ஒரு வார்த்தை கேட்டுத் திட்டிடு."

அவள் நான் சொல்வதை முழுவதும் கேட்டாள். பிறகு உள்ளே போனாள். பாத்திரம் வைக்கும் சத்தம் கேட்டது. எனக்குக் காபியில் அரைக் கரண்டிச் சர்க்கரை போட்டால் போதும் என்று பள்ளிக்கூட நாளிலிருந்து தெரிந்தவள், சமையலறை வாசலுக்கு வந்து நின்று கேட்டாள்.

"தங்களுக்குச் சர்க்கரை எவ்வளவு சேர்க்க வேண்டும்?"